கடிதத்தில் இல்லாத கன்று

லூமுட்,
14 பிப்ரவரி 1926

செமோர், பாலத்தடித் தோட்டத்து மண்டோர் சீனி அவர்களுக்கு,

சொல்வது உங்கள் மனைவி வீரம்மா. எழுதுவது அவள் அண்ணன் ராமையா. நலம் விசாரித்து எழுதும் நிலையில் இந்த வீடு இப்போது இல்லை. நேரே விஷயத்துக்கு வருகிறேன்.

நேற்று அப்பாவுக்குப் பதினாறாம் நாள் காரியம் முடிந்தது. நீங்கள் வரவில்லை.

ஜனவரி பதினெட்டாம் தேதி அண்ணன் கடிதம் போட்டார். இருபதாம் தேதி நம் லயத்து வரிசை வீட்டுக்கு வந்தது. நான் அரிசி களைந்துகொண்டிருந்தேன். ஈரக்கையோடு ஓடி வந்து உங்கள் எதிரில் நின்றேன். நீங்கள் உறையைப் பிரித்து, தாளை மேலிருந்து கீழே பார்த்துவிட்டு, “எல்லாரும் சொகமா இருக்காங்க. செவலப் பசு கன்னு போட்டிருக்காம். பொங்கலுக்கு வரலையேன்னு உங்கப்பாவுக்குக் கொஞ்சம் வருத்தம், வேற ஒண்ணும் இல்ல” என்றீர்கள். “என்ன கன்னு?” என்று கேட்டேன். “கெடேரி” என்றீர்கள். நான் அடுத்த லயம் வரை போய் அந்தக் கிடேரிக் கன்றைப் பற்றிச் சொல்லிவிட்டு வந்தேன்.

அப்பாவுக்கு நெஞ்சில் சளி கட்டி மூச்சுவிட முடியவில்லை, நிலைமை மோசம், வீரம்மாவைப் பார்க்க வேண்டும் என்கிறார், உடனே அனுப்பி வையுங்கள். இதுதான் அண்ணன் எழுதியது. ஒன்பது நாள் அவர் வாசலையே பார்த்துக்கொண்டு கிடந்தார். பஸ் சத்தம் கேட்டால் “வந்திருச்சா?” என்று கேட்பாராம். பிறகு அண்ணன் ஆள் அனுப்பி, நான் வந்து சேர்ந்தபோது சாம்பலைக் கடலில் கரைத்து ஒரு நாள் ஆகிவிட்டது.

ரப்பர் பால் வெட்ட ஓர் ஆள் குறைந்துவிடும் என்றுதான் மறைத்தீர்களா? ஆறு வருஷம் உங்களோடு வாழ்ந்தேன். ஒரு நாளும் என்மேல் கை நீட்டாத மனிதர். இதைச் செய்வீர்கள் என்று நான் நினைக்கவில்லை. காரணத்தை எழுதுங்கள். அதுவரை நான் செமோர் வரமாட்டேன்.

வீரம்மா

மாப்பிள்ளை, இது என் வார்த்தை. படித்தவர் என்றுதான் அப்பா உங்களுக்குப் பெண் கொடுத்தார். ராமையா.

*

பாலத்தடித் தோட்டம், செமோர்,
28 பிப்ரவரி 1926

என் மனைவி வீரம்மாவுக்கு,

கடிதம் கிடைக்கப்பெற்று விவரம் அறிந்துகொண்டேன். உன் தகப்பனார் சிவபதவி அடைந்த செய்தி என் மனத்தை மிகவும் வாட்டுகிறது.

நீ கேட்ட காரணத்தைச் சொல்கிறேன். நீ நினைத்ததே சரி. இலை உதிரும் காலம் வருமுன் மரங்கள் நன்றாகப் பால் கொடுக்கும் சமயம் அது. ஆள் குறைந்தால் துரை கோபிப்பார் என்று எண்ணினேன். பெரியவருக்குச் சளிதானே, நாலு நாளில் குணமாகும் என்றும் எண்ணினேன். எனவே கடிதத்தில் கண்ட சங்கதியை உன்னிடம் மறைத்தேன். அது என் கல்நெஞ்சு. வேறு சமாதானம் சொல்ல என்னிடம் இல்லை.

உன் கோபம் ஆறும்வரை அங்கேயே இருக்கலாம். நான் தொந்தரவு செய்ய மாட்டேன். உன் தமையனாருக்கு என் முகத்தைக் காட்ட எனக்கு யோக்கியதை இல்லை.

இங்ஙனம்,
சீனி

*

லூமுட்,
20 ஜூன் 1926

மச்சான்,

இது என் கை. நானே எழுதுகிறேன். எழுத்து பெரிசும் சின்னதுமாக இருக்கும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

அண்ணன் கையால் உங்களைத் திட்டினால் அது அண்ணன் திட்டியது போல இருக்கிறது. என் திட்டு எனக்கு வேண்டும். அதற்காகத்தான் படிக்கப் போனேன். தபால் ஆபீஸ் கிளார்க்கின் சம்சாரம் நவமணி அக்கா மத்தியானத்தில் பெண்களுக்குச் சொல்லிக் கொடுக்கிறார். நாங்கள் ஐந்து பேர். படகு நிற்கும் ஜெட்டிக்குப் பக்கத்தில் ஈர மணலில் விரலால் எழுதுவோம். முதலில் ட. இரண்டு கோடு போட்டால் ட வந்துவிடும். பிறகு ப. பிறகு ம. ஒரு வாரத்தில் படம், பட்டம், மடம் என்று எழுதினேன். மூன்றாம் வாரம் ‘அப்பா’ எழுதினேன். எழுதி, நானே கையால் அழித்துவிட்டேன்.

எனக்குச் சீக்கிரம் வந்தது. ஏன் என்று தெரியவில்லை. ஒரு நாள் காலையில் கடைப் பலகையைப் பார்த்தேன், அது தானாகவே வாய்க்குள் சத்தம் போட்டது. ‘அரிசி’ என்றது. எனக்குச் சிரிப்பு வந்தது. இருபத்தாறு வயசில் இப்படி.

இப்போது சொல்லவந்தது. ஜனவரியில் வந்த அண்ணன் கடிதம் என் பெட்டியில்தான் இருந்தது. புடவைக்கு அடியில். யாரிடமும் காட்டவில்லை. முந்தாநாள் அதை எடுத்து மத்தியானம் முழுக்க உட்கார்ந்து நானே படித்தேன். ‘மோசம்’ என்ற சொல்லுக்கு வெகுநேரம் ஆயிற்று. ம-வுக்கு முன்னால் ஒரு கொம்பு, பின்னால் ஒரு கால். முன்னும் பின்னும் சேர்த்தால்தான் மோ. கண்டுபிடித்தபோது அழுதேன்.

அதில் கன்று இல்லை மச்சான். பசுவே இல்லை. பொங்கலும் இல்லை.

அப்புறம் ஒன்று யோசித்தேன். மறைக்க நினைக்கிறவர் என்ன செய்வார்? கிழித்து அடுப்பில் போடுவார். நீங்கள் நாலாக மடித்து, “பத்திரமா வை” என்று என் கையிலேயே கொடுத்தீர்கள். என் அப்பா சாகக் கிடக்கிறார் என்று எழுதிய தாளை, என்னிடமே கொடுத்து வைக்கச் சொன்னீர்கள்.

அதில் என்ன இருக்கிறது என்று தெரிந்த மனிதர் அப்படிக் கொடுப்பாரா?

இதைக் கேட்க எனக்கே கூச்சமாக இருக்கிறது. ஆனாலும் கேட்கிறேன். உங்களுக்குப் படிக்கத் தெரியுமா?

வீரம்மா

*

ஈப்போ,
4 ஜூலை 1926

வீரம்மா,

தெரியாது.

இந்தச் சொல்லைச் சொல்லிவிட்டு நான் எழுந்து போய்ச் சற்று நேரம் தெருவைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பிறகு வந்து உட்கார்ந்து மற்றதைச் சொல்கிறேன். எழுதுகிறவர் பெத்தபெருமாள் ஐயா. ஈப்போ பாசாருக்குப் பக்கத்தில், கடைகளுக்கு முன்னால் உள்ள அஞ்சடி நடைபாதையில் மேசை போட்டு மனு எழுதுகிறவர். பிப்ரவரியில் உனக்கு வந்த கடிதமும் இவர் எழுதியதுதான். அன்று செமோர் என்று போடச் சொன்னேன். இன்று ஈப்போ என்றே போடச் சொல்லிவிட்டேன். தோட்டத்துக்குள் யாரிடமாவது காட்டினால் விஷயம் வெளியே வந்துவிடும் என்று பயந்து, ஞாயிற்றுக்கிழமை ரயிலேறி இங்கே வருகிறேன். உன் கடிதம் புதன்கிழமையே வந்தது. நாலு நாள் சட்டைப் பைக்குள் வைத்திருந்தேன். பால் சேகரிக்கும் இடத்தில் அடிக்கொரு தரம் எடுத்துப் பார்ப்பேன். உன் எழுத்து என்று தெரிந்தது, வேறொன்றும் தெரியவில்லை.

இன்று ஐயா படித்தார். கன்று வந்த இடத்தில் நிறுத்திவிட்டு, “மேல படிக்கட்டுமா?” என்று கேட்டார்.

எனக்கு எழுத்து தெரியும், வீரம்மா. ஒவ்வொன்றாகக் காட்டினால் இது க, இது ம என்று சொல்வேன். சேர்ந்து நின்றால்தான் முடியாது. முதல் எழுத்தைப் பிடித்துக்கொண்டு மூன்றாவதுக்குப் போவதற்குள் முதலாவது கையைவிட்டுப் போய்விடும். திரும்பி வந்து அதைப் பிடித்தால் மூன்றாவது போய்விடும். நீ எழுதிய அந்தக் கொம்பு இருக்கிறதே, அது முன்னால் நிற்கிறது, சத்தமோ பின்னால் வருகிறது. அதில்தான் நான் சின்ன வயதில் விழுந்தேன்.

கப்பலேறும் முன் ஊரில் மூன்று வருஷம் பள்ளிக்கூடம் போனேன். காதால் கேட்டால் போதும், எனக்கு மறக்காது. வாய்ப்பாடு, பாட்டு எல்லாம் ஒரே தடவையில் வந்துவிடும். அதனால் முதல் வருஷம் யாருக்கும் தெரியவில்லை. புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு, பக்கத்துப் பையன் சொன்னதை அப்படியே திருப்பிச் சொல்வேன். ஒரு நாள் தவறி இரண்டு பக்கத்தைச் சேர்த்துப் புரட்டிவிட்டேன். வாய் மட்டும் சரியாகப் போய்க்கொண்டிருந்தது. வாத்தியார் பார்த்துவிட்டார். அன்று அடித்தது வலிக்கவில்லை. “வாய்க்கள்ளன்” என்று பெயர் வைத்தார், அது ஊர் முழுக்க ஒட்டிக்கொண்டது. அவரை மட்டும் குற்றம் சொல்ல மாட்டேன். அதே குச்சியின் கீழே இருந்த மற்ற பிள்ளைகள் படித்துவிட்டார்கள். என் தம்பிக்கு ஆறு வயதில் வந்தது. எனக்கு ஏன் வரவில்லை என்று யாரும் கேட்கவில்லை. திமிர் என்றார்கள். நானும் அப்படித்தான் இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.

கப்பலில் கங்காணி, “எழுத்து தெரிஞ்சவன் யாருடா?” என்று கேட்டபோது கை தூக்கினேன். எழுத்து தெரியும், அது பொய்யில்லை. இங்கே ஆபீஸில் கிராணி செக்ரோல் ஏட்டில் உள்ள ஆட்களின் பெயர்களை ஒரு தடவை படித்தார். மறுநாள் காலை அந்தத் தாளைக் கையில் பிடித்துக்கொண்டு எண்பத்திரண்டு பெயரையும் வரிசை மாறாமல் கூப்பிட்டேன். ஆட்களை மேய்க்கும் மண்டோர் ஆனேன். படித்த மாப்பிள்ளை ஆனேன்.

ஜனவரியில் நீ வந்து நின்றபோது, உன் அண்ணன் கடிதத்தில் ‘அப்பா’ என்று இருந்தது மட்டும் எனக்குத் தெரிந்தது. அது சின்னச் சொல். அதற்கு அப்புறம் ஒரே கூட்டம். நீ என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாய். செவலப் பசு சினையாக இருந்ததைத் தீபாவளிக்கு அங்கே வந்தபோது பார்த்திருந்தேன். நாளை எண்ணிப் பார்த்தேன். கன்று என்று சொல்லிவிட்டேன். அப்பா என்று இருந்ததால் அவருக்கு வருத்தம் என்றும் சேர்த்துக்கொண்டேன்.

உன் அண்ணன் ஆள் வந்து சொன்ன பிறகுதான் அந்தத் தாளில் இருந்தது என்ன என்று எனக்கும் தெரிந்தது. எந்த முகத்தோடு வருவது? காரியத்துக்கு வராததற்கும் அதுதான் காரணம். “மறைத்தீர்களா?” என்று நீ கேட்டு எழுதினாய். ஆமாம் என்று சொல்லிவிட்டேன். படிக்கத் தெரியாதவன் என்று நீ தெரிந்துகொள்வதைவிட, கொடுமைக்காரன் என்று நீ நினைப்பது எனக்கு லேசாக இருந்தது.

இதைச் சொன்னபோது பெத்தபெருமாள் ஐயா பேனாவைக் கீழே வைத்துவிட்டார். அவர் முகத்தை நான் பார்க்கவில்லை.

சீனி

*

லூமுட்,
18 ஜூலை 1926

மச்சான்,

உங்கள் கடிதத்தை நாலு தடவை படித்தேன். முதல் தடவை படித்ததும் உங்களைப் பார்க்க வேண்டும் போல இருந்தது. இரண்டாம் தடவை கோபம் வந்தது. “தெரியல, வா, யாருகிட்டயாச்சும் கேப்போம்” என்று ஒரு வார்த்தை. அந்த ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் நான் அப்பா கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். உங்கள் மானத்துக்காக அவர் ஒன்பது நாள் வாசலைப் பார்த்தார். இதை நான் விட்டுவிட்டேன் என்று பொய் எழுத மாட்டேன்.

அண்ணனிடம் சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை என்று எனக்கே தெரியவில்லை. அவர் உங்களைக் கொடுமைக்காரர் என்றே நினைத்துக்கொண்டிருக்கிறார். சொன்னால் சிரிப்பார். அது எனக்குப் பிடிக்கவில்லை.

எங்களோடு சொர்ணம் என்று ஒருத்தி படிக்கிறாள். ஜெட்டியில் ஆப்பம் சுட்டு விற்கிறவள். கோயிலில் ஓதுவார் பாடிய பதிகத்தை ஒரு தடவை கேட்டுவிட்டு மறுநாள் எங்களுக்குப் பாடிக் காட்டினாள். ஆனால் மணலில் மூன்று எழுத்து சேர்ந்தால் அவள் வாய் அடைத்துவிடும். நான் சேர்ந்த அதே நாள் அவளும் சேர்ந்தாள். நான் இப்போது கடிதம் எழுதுகிறேன், அவள் இன்னும் ‘மரம்’ என்பதில் நிற்கிறாள். “கவனம் இல்ல ஒனக்கு” என்று நவமணி அக்கா கடிந்துகொள்வார். நானும் ஒரு நாள் சிரித்தேன். உங்கள் கடிதம் வந்த பிறகு அவள் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். ஒவ்வொரு கோட்டையும் விரலால் இரண்டு தடவை தடவிப் பார்க்கிறாள். நெற்றியெல்லாம் வியர்வை. எங்கள் எல்லாரையும்விட அவளுக்குத்தான் கவனம் அதிகம். நான் சிரித்ததை நினைத்தால் இப்போது உடம்பு கூசுகிறது.

கூசுவதற்கு இன்னொன்றும் இருக்கிறது. லயத்தில் யாருக்குக் கடிதம் வந்தாலும், “கிராணிகிட்ட ஏன்டி போயி நிக்கிறீங்க, எங்க வீட்டுக்காரரு படிச்சுச் சொல்வாரு” என்று நான்தான் கூட்டி வந்தேன். எனக்கு அதில் பெருமை. நீங்கள் தாளைப் பிடித்துக்கொண்டு நிற்கும்போது நான் வாசலில் நின்று எல்லாரையும் பார்ப்பேன்.

எத்தனை பேருக்குப் படித்தீர்கள்? அவர்களுக்கெல்லாம் என்ன சொன்னீர்கள்?

வீரம்மா

*

ஈப்போ,
8 ஆகஸ்ட் 1926

வீரம்மா,

நாலு வீடு. நீ கூட்டி வந்தவர்கள் மூன்று பேர், தானாக வந்தது ஒரு வீடு. எல்லாரும் சுகம், மழை பெய்தது, உங்களைக் கேட்டதாகச் சொல்லச் சொன்னார்கள். இவ்வளவுதான் எல்லாருக்கும் சொன்னேன். பெரிய பொய் சொல்லக் கூடாது என்று கவனமாக இருந்தேன்.

காளியம்மாவை நினைத்தால்தான் எனக்குச் சோறு இறங்கவில்லை. இரண்டு வருஷத்துக்கு முன் ஊரிலிருந்து அவள் அம்மா போட்ட கடிதம். அம்மாவுக்குப் பிடிக்காத ஆளைக் கட்டிக்கொண்டு கப்பலேறியவள் அவள் என்று உனக்குத் தெரியும். நான் “எல்லாரும் சொகம்” என்றேன். அவள் நகரவில்லை. “என்னப் பத்தி ஒண்ணும் எழுதலையாண்ணே?” என்று கேட்டாள். இல்லை என்றேன். “நல்லாப் பாருங்கண்ணே, கடைசில ஏதாச்சும்?” என்றாள். கடைசி வரியைப் பார்ப்பது போலப் பார்த்துவிட்டு, “ஒண்ணும் இல்லம்மா” என்றேன். அவள் முகம் போன போக்கு எனக்கு அப்போது புரியவில்லை.

இப்போது இன்னொன்றும் வந்திருக்கிறது. பிள்ளைகள் இருக்கிற தோட்டத்தில் பள்ளிக்கூடம் வைக்க வேண்டும் என்று சட்டமாம். கைக்குழந்தைகளை விடும் ஆயாக் கொட்டகையில் பாதியைத் தட்டி வைத்து மறைத்திருக்கிறார்கள். “சீனி மண்டோருக்குப் படிப்பு இருக்கே, மத்தியானத்தில அவனே சொல்லிக் குடுக்கட்டும்” என்று துரை சொல்லிவிட்டார். செப்டம்பர் ஒன்றாம் தேதி தொடக்கம். கரும்பலகை வந்துவிட்டது. தினமும் அதைத் தாண்டித்தான் வேலைக்குப் போகிறேன்.

தைப்பிங் பக்கம் ஒரு தோட்டத்தில் ஆள் எடுக்கிறார்கள். அங்கே என்னை யாருக்கும் தெரியாது. போய்ச் சாதாரணமாகப் பால் வெட்டிப் பிழைத்துக்கொள்ளலாம். நீயும் அங்கே வந்தால் போதும். யாருக்கும் ஒன்றும் சொல்ல வேண்டியதில்லை.

சீனி

*

லூமுட்,
13 ஆகஸ்ட் 1926

மச்சான்,

தைப்பிங்குக்கு நான் வரமாட்டேன். நீங்கள் போனால் தேடவும் மாட்டேன்.

காளியம்மா கடிதத்தை வைத்திருக்கிறாள். அவள் வீட்டுச் சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்திருப்பதை நான் பார்த்திருக்கிறேன். அதை எழுதிய அம்மாவுக்கு எத்தனை வயசோ தெரியாது. என் அப்பாவுக்கு ஒன்பது நாள்தான் கிடைத்தது.

வீரம்மா

*

பாலத்தடித் தோட்டம், செமோர்,
29 ஆகஸ்ட் 1926

வீரம்மா,

இதை ஈப்போவில் எழுதவில்லை. நம் தோட்டத்து ஆபீஸில் உட்கார்ந்து சொல்கிறேன். எழுதுகிறவர் சதாசிவம் கிராணி. ஜன்னலுக்கு வெளியே ஆள் நடமாட்டம் இருக்கிறது. கேட்கிறவர்கள் கேட்டுக்கொள்ளட்டும்.

உன் கடிதம் வந்த திங்கட்கிழமை, ஞாயிறு வரை வைத்திருக்க மனம் வரவில்லை. இவரிடமே நீட்டினேன். “என்ன மண்டோர், கண்ணு சரியில்லையா?” என்று கேட்டார். “கண்ணு நல்லா இருக்கு. எனக்குப் படிக்கத் தெரியாது” என்றேன். சிரித்தார். ஆறு வருஷம் நான் அவர் கையிலிருந்து தாளை வாங்கிக் காலைப் பெரட்டில் ஆட்கள் வரிசைக்கு முன்னால் நின்று பெயர் கூப்பிட்டதை நினைத்துச் சிரித்தார். “நான் சிரிச்சதையும் எழுதணுமா?” என்று இப்போது கேட்கிறார். எழுதச் சொன்னேன். சிரித்து முடித்து உன் கடிதத்தைப் படித்தார். படித்த பிறகு அவர் சிரிக்கவில்லை.

துரையிடம் இரண்டு பேருமாகப் போனோம். அவர் பேசியது எனக்கு முழுதும் புரியவில்லை. பள்ளிக்கூடத்துக்கு வேறு ஆள். காலையில் பெயர் கூப்பிடுவதும் இனி நான் இல்லை. காட்டு வேலைக்கு மண்டோராக இருக்கலாமாம். மறுநாள் பெரட்டில் மற்றவர்களோடு நான் வரிசையில் நின்றேன். புது ஆள் தடுமாறித் தடுமாறிப் படித்தான். “அண்ணே, நம்ம படிச்சவர விட்டுட்டீங்களே” என்று பின்னால் ஒருத்தன் சொன்னான். வரிசை முழுக்கச் சிரித்தது. காது இரண்டும் எரிந்தது. ஆனாலும் நின்றேன்.

அன்று சாயங்காலம் கிராணியைக் கூட்டிக்கொண்டு வீடு வீடாகப் போனேன். வாசலில் நின்று, “நான் ஒங்களுக்குப் படிச்சதெல்லாம் பொய். எனக்குப் படிக்கத் தெரியாது. கடுதாசி இருந்தா எடுங்க, கிராணி ஐயா படிப்பாரு” என்று சொல்ல வேண்டும். முதல் வீட்டில் நாக்கு புரளவில்லை, கிராணிதான் சொன்னார். அந்தக் கடிதத்தில் ஆட்டுக்கு வயிற்றுப்போக்கு, ஆடு பிழைத்துவிட்டது, இவ்வளவுதான். அவர்கள் சிரித்தார்கள். எனக்கும் கொஞ்சம் மூச்சு வந்தது. அடுத்த வீட்டில் கடிதத்தைத் தொலைத்துவிட்டார்கள். அதில் என்ன இருந்தது என்று இனி யாருக்கும் தெரியாது. அந்த அம்மாள் கதவைச் சாத்திக்கொண்டாள். மூன்றாவது வீட்டில் மழை பெய்தது என்றுதான் இருந்தது. நான் சொன்னதேதான்.

காளியம்மா வீடு கடைசி. நான் சொல்லி முடித்ததும் அவள் உள்ளே போனாள். சாமி படத்துக்குப் பின்னால் கைவிட்டுக் கடிதத்தை எடுத்துக் கொடுத்தாள். கிராணி படித்தார். “உன் மேல் எனக்குக் கோபம் இல்லை. அப்போது பேசியதெல்லாம் வாய் தவறிப் பேசியது. நீ யாரோடு இருந்தாலும் என் மகள்தான். எனக்கு ஒரு வரி எழுதிப் போடு. நீ எழுதினால் நீயும் என்னை மன்னித்துவிட்டாய் என்று தெரிந்துகொள்வேன்.” கடைசி வரியில் இருந்தது, வீரம்மா. அவள் பார்க்கச் சொன்ன அதே கடைசி வரியில்.

“இன்னொரு தடவ படிங்க” என்றாள். படித்தார். “இன்னொரு தடவ” என்றாள். மூன்றாம் தடவையும் படித்தார்.

பிறகு என்னைப் பார்த்தாள். திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. “தெரியாதுன்னு சொல்லியிருந்தீங்கன்னா நான் வேற ஆள்கிட்ட போயிருப்பேன்லா, அண்ணே. ரெண்டு வருசமா எங்காத்தா என் கடுதாசிக்குக் காத்துக்கிட்டுக் கெடந்திருக்கும். எனக்குக் கோவம்னு நெனச்சிருக்கும்” என்றாள்.  அங்கேயே உட்கார்ந்து கிராணியை அவள் பதில் எழுத வைத்தாள். அவள் சொல்லச் சொல்ல அவர் எழுதினார். முடிக்கும் வரை நான் அந்த வாசலைவிட்டு நகரவில்லை. அம்மா உயிரோடு இருக்கிறாளா என்று தெரியாமலே அந்தக் கடிதம் போயிருக்கிறது. அதற்குப் பதில் வருமா என்று நான் தினமும் தபால் பையைப் பார்க்கிறேன்.

இப்போது லயத்துப் பிள்ளைகள்கூட என்னைக் கண்டால் ‘க, ங, ச’ என்று கத்திக்கொண்டு ஓடுகிறார்கள். கோபம் வரவில்லை. வெட்கம் வருகிறது. வேலைக்குப் போகிறேன், வருகிறேன்.

உன் அப்பா விஷயத்தில் உன்னிடம் மன்னிப்புக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. காளியம்மா எதிரில் நின்ற பிறகு அது லேசான சொல்லாகத் தெரிகிறது. உன் அண்ணனிடமும் சொல்லிவிடு. சிரித்தால் சிரிக்கட்டும்.

சீனி

*

லூமுட்,
5 செப்டம்பர் 1926

மச்சான்,

இது கிராணி ஐயா வாய் வழியாகத்தான் உங்கள் காதுக்கு வரும் என்று தெரிந்தே எழுதுகிறேன். ஐயாவுக்கு என் வணக்கம். அவர் படிக்கக் கூச்சப்படும்படி ஒன்றும் எழுதவில்லை.

அண்ணனிடம் சொன்னேன். சிரிக்கவில்லை. உங்கள் கடிதத்தை வாங்கி ஒரு தடவை படித்தார். பிறகு, “அப்ப நான் எழுதுன ஒவ்வொரு கடுதாசியும் அவருக்கு அடி விழுந்த மாதிரிதானே இருந்திருக்கும்” என்றார். கோபம் அவருக்கும் தீரவில்லை. ஆனால் இப்போது அது வேறு மாதிரி இருக்கிறது.

எனக்கும் அப்பா விஷயம் தீரவில்லை. தீரும் வரை காத்திருந்தால் இங்கேயே கிழவியாகிவிடுவேன். கோபத்தோடேயே வருகிறேன். வருகிற ஞாயிற்றுக்கிழமை, பன்னிரண்டாம் தேதி. அண்ணன் ஈப்போ வரை கொண்டுவந்து விடுவார்.

வந்து உங்களுக்குப் படிப்புச் சொல்லித் தருவேன் என்று எழுத மாட்டேன். வருமா வராதா என்று எனக்குத் தெரியாது. சொர்ணத்துக்கு இன்னும் வரவில்லை. நான் கிளம்புகிறேன் என்றதும் அழுதாள். பக்கத்தில் சிரிக்காமல் உட்கார்ந்திருக்க ஓர் ஆள் குறைகிறதே என்றாள். அதனால் முயற்சி செய்து பார்ப்போம் என்று மட்டும் சொல்கிறேன். வராவிட்டால் வரவில்லை என்று இரண்டு பேரும் வெளியே சொல்லிக்கொள்வோம்.

லயத்தில் சொல்லி வையுங்கள். யார் வீட்டில் எந்தக் கடிதம் இருந்தாலும், பழசோ புதுசோ, நம் வீட்டுக்குக் கொண்டு வரட்டும். நான் படிக்கிறேன். தெரியாத சொல் வந்தால் தெரியாது என்று சொல்லி நிறுத்துவேன்.

நான் படிக்கும்போது நீங்கள் என் பக்கத்தில் உட்கார்ந்திருக்க வேண்டும். எழுந்து வெளியே போகக் கூடாது.

வீரம்மா